கங்காணி விழுங்காத குளிசை

பாலம்மாவின் பதினாறாம் நாள் கருமாதி முடிந்து, பந்தி இலைகளை அள்ளிக் கொட்டிய பிறகு, வீரையா கங்காணி தொழிலாளர் லயத்தில் இருந்த ரத்தினம்மாவின் ஒற்றை அறைக் காம்பரா வாசலில் கிடந்த கதிரையில் வந்து உட்கார்ந்தார்.

"ரத்தினம், ஒன்னு சொன்னா கோவிச்சுக்க மாட்டியே?" என்று தொடங்கினார்.

"சொல்லுங்க கங்காணி."

"ஒந் தங்கச்சிக்கு வாய்க்கட்டு இல்ல. அதான் இப்புடி ஆச்சு."

"வாய்க்கட்டுன்னா?"

"பிரஷர்காரிக்குக் கருவாடு நஞ்சுல்ல. டாக்டர் படிச்சுப் படிச்சுச் சொல்லியும் கேக்கல. ஒரு பக்கம் இழுத்துக்கிட்டுப் போயிட்டா."

"அவ கருவாடு தொட்டு ரெண்டு வருசமாகுதுங்க. நான்தானே ஆக்கிப் போட்டேன்? அவளுக்குன்னு தனிச் சட்டி. உப்பே கெடையாது."

"அதத்தான் லயத்துல பேசிக்கிறாங்க. ஆக்கிப் போட்ட கை ஒன்னோடதாச்சே."

"யாரு பேசிக்கிறா?"

"யாருன்னு சொல்ல? ஒல வாய மூடலாம், ஊர் வாய மூட முடியுமா? நான் தப்பா நெனைக்கல. தங்கச்சிப் பாசம். கேட்டிருப்பா, ஒரு துண்டு வச்சிருப்ப."

"நான் வைக்கல."

"சரி, வைக்கல. விடு." கங்காணி சிரித்துக்கொண்டே எழுந்தார். வலது முட்டியைப் பிடித்துக்கொண்டு நிமிர்ந்தார். "நாளன்னைக்குப் பெரட்டுக்கு வந்துரு. ஏழாம் நம்பர் மலையில கொழுந்து முத்திக்கிட்டு நிக்குது. முட்டி வலிக்குதுன்னா சொல்லு. பக்கட்டு வச்சிருக்கேன்."

இந்தப் பேச்சை ரத்தினம்மா பிறகு எத்தனையோ பேரிடம் சொல்லியிருக்கிறாள். ஒரு சொல் கூட்டாமல், ஒரு சொல் குறைக்காமல், இதே வரிசையில்தான் சொல்வாள். பக்கட்டு என்ற இடத்துக்கு வரும்போது மட்டும் குரல் ஒரு கணம் நின்றுவிட்டு ஓடும். அன்றைக்கு அது அவள் காதில் வெறும் உபசாரமாகத்தான் விழுந்தது. அவளைச் சுட்டது 'ஆக்கிப் போட்ட கை' என்ற வார்த்தைதான்.

அது இரண்டாயிரத்துப் பதின்மூன்றாம் ஆண்டு. ரத்தினம்மாவுக்கு ஐம்பத்து மூன்று வயது. கண்டிப் பக்கம் பன்விலைக்கு மேலே உள்ள தேயிலைத் தோட்டம் ஒன்றில் பிறந்து, பதினான்கு வயதில் வேலைக்குப் பேர் பதிந்து, அன்று தூக்கிய கூடையை இன்னும் இறக்காதவள். ஒப்பந்தப்படி இந்தியாவுக்குப் போகப் பதிந்திருந்த அப்பாவும் அம்மாவும் இரண்டு அண்ணன்மாரும் எண்பத்திரண்டில் தலைமன்னாரில் கப்பலேறினார்கள். ரத்தினம்மா அப்போது கல்யாணமானவள். அவள் புருஷன் இலங்கைப் பிரஜையாக இந்த மண்ணுக்கே பதிந்திருந்தான். பாலம்மாவுக்குப் பதினேழு வயது. ரயிலுக்குப் போக எல்லோரும் லொறியில் ஏறிய பிறகு, அவள் ஒரு பக்கமாகக் குதித்து இறங்கி வந்து அக்காவின் சேலையைப் பிடித்துக்கொண்டாள். லொறி போய்விட்டது. அன்று தொடங்கி முப்பத்தொரு வருஷம் அந்தப் பிடி விடவில்லை. இருவரின் புருஷன்மாரும் முன்னும் பின்னுமாகப் போய்ச் சேர்ந்தார்கள். ரத்தினம்மாவின் ஒரே மகன் கொழும்பில் சாப்பாட்டுக் கடையொன்றில் வேலைக்கு நின்றான். கடைசியில் ஒரே காம்பரா, ஒரே அடுப்பு, மலையில் பக்கத்துப் பக்கத்து நிரை என்று அக்காளும் தங்கச்சியும்தான் மிஞ்சினார்கள்.

ஆகவே, ஆக்கிப் போட்டுக் கொன்றாள் என்று ஊர் பேசியபோது, அவளுக்கு இருந்த ஒரே உறவை அவள் கையாலேயே பிடுங்கிப் போட்டதாகச் சொன்னது போலாயிற்று.

தண்ணீர் பிடிக்கும் பீலியடியில் அவள் குடத்தை வைத்தால் பேச்சு நின்றது. பக்கத்துக் காம்பராப் பெண் அவள் கொடுத்த குழம்பை வாங்கிக்கொண்டு போய், பின்வாசலில் நாய்க்கு ஊற்றியதை அவளே கண்டாள். அன்று அவள் பாலம்மாவின் உப்பில்லாச் சட்டியை எடுத்துக் கழுவி, வெயிலில் கவிழ்த்து வைத்து, அதன் முன்னாலேயே உட்கார்ந்திருந்தாள். பழியை யார் மேலாவது திருப்பாமல் தான் சாகப்போவதில்லை என்று நினைத்தாள். யார் மேல் என்பதுதான் தெரியவில்லை.

பக்கட்டு என்பது வேறொன்றுமில்லை. மண்ணிறத் தாளில் மடித்த இரண்டு குளிசைகள், அதாவது மாத்திரைகள். ஒன்று ஒரேஞ்சு நிறம், மற்றது பொட்டளவு வெள்ளை. டவுனில் எங்கோ ஒரு கடையில் வீரையா கங்காணி மொத்தமாக வாங்கி வருவார். காலையில் பெரட்டுக்களத்தில் பேர் கூப்பிட்டு மலைக்கு ஆள் பிரிக்கும்போது, இடுப்பைப் பிடிப்பவளையும் காலை இழுப்பவளையும் பார்த்து ஆளுக்கொன்று நீட்டுவார். பதினெட்டுக் கிலோ எடுத்தால்தான் முழுப் பேர், முழு நாள் சம்பளம். ஒரு கிலோ குறைந்தாலும் அரைப் பேர். குளிசை போட்டவள் பத்து மணிக்குள் வலியை மறந்து விடுவாள், நிரையில் பறப்பாள். வீரையா கங்காணியின் பகுதி கொழுந்தில் எப்போதும் முதலாவதாக வந்தது. தோட்டத்துரை பெரட்டிலேயே அவர் தோளைத் தட்டிப் புகழ்ந்ததுண்டு.

பெண்கள் அதற்கு வைத்த பெயர் வேலைக்குளிசை. செடி மட்டம் பார்க்கும் மட்டக்கம்பு, இடுப்பில் கட்டும் படங்கு, கூடை, வேலைக்குளிசை: எல்லாம் வேலைச் சாமான். அது மருந்துக் கணக்கில் சேரவே சேராது. மருந்து தின்பவள் நோய்க்காரி. நோய்க்காரி என்று பேர் விழுந்தால் ஓய்வு எழுதி வீட்டுக்கு அனுப்பி விடுவார்கள் என்ற பயம் தோட்டத்தில் எல்லோருக்கும் உண்டு. அதனால் வேலைக்குளிசையைப் பற்றி வெளியே யாரும் வாய் திறப்பதில்லை. வெற்றிலை போடுவதை யாராவது டாக்டரிடம் சொல்வார்களா?

பாலம்மா ஐந்தாறு வருஷமாக அதைப் போட்டாள். போடப் போட முகம் உருண்டு, கன்னம் பளபளத்தது. "அக்கா, எல்லாரும் என்னப் பூசினாப்ல ஆயிட்டேங்கிறாங்க" என்று கண்ணாடியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். தங்கச்சிக்கு இந்த வயதில் உடம்பு பிடிக்கிறதே என்று அக்காளுக்கும் சந்தோஷம்தான். பிறகு தலைச்சுற்று வந்தது. டவுன் ஆஸ்பத்திரியில் பிரஷர் என்றார்கள். மாதமொரு முறை கிளினிக். உப்பைக் குறை, கருவாட்டை விடு என்றார்கள். ரத்தினம்மா அன்றே தனிச் சட்டி வைத்தாள். பிரஷர் குறையவில்லை. ஆஸ்பத்திரி கொடுத்த ஒரு குளிசை இரண்டானது, இரண்டு மூன்றானது. அப்போதும் குறையவில்லை.

கிளினிக் டாக்டரம்மா சிங்களத்தில் கேட்பார். நோயாளிகளின் கொப்பி எழுதும் சித்தி றலியா என்ற முஸ்லிம் பிள்ளை அதைத் தமிழில் சொல்வாள். இருபத்து நான்கு வயது, தலையைக் குனிந்தபடியே வேலை செய்யும் பெண். அதிகம் பேசமாட்டாள். இரண்டு பாஷையிலும் படித்தவள் என்பதால் மலையிலிருந்து இறங்கி வரும் எல்லோருக்கும் அவள்தான் வாய், அவள்தான் காது.

"வேற ஏதும் மருந்து எடுக்கிறீங்களாண்டு டாக்டர் கேக்குறாங்க."

"இல்ல."

ஒவ்வொரு மாதமும் இதே கேள்வி, இதே பதில். பாலம்மா சொல்லாமல் நின்ற நாட்களில் பக்கத்திலிருந்து ரத்தினம்மாவே சொன்னாள்: "இல்லீங்க, ஒன்னுமில்ல." பொய் சொல்கிறோம் என்ற நினைப்பே இருவருக்கும் இல்லை.

ஒரு புதன்கிழமை, பகல் தராசு மேட்டில் கொழுந்து நிறுக்க வரிசையில் நின்றபோது, பாலம்மாவின் வாய் ஒரு பக்கம் கோணியது. கூடையோடு சாய்ந்தாள். கண்டிக்குக் கொண்டு போனார்கள். ஒன்பது நாள் பேச்சில்லாமல் அக்காவின் முகத்தையே பார்த்துக் கிடந்து, பத்தாம் நாள் கண்ணை மூடினாள். மூடிய கண்ணின் ஈரம் காய்வதற்குள் வீரையா கங்காணி கருவாட்டுக் கதையைக் கட்டிவிட்டார்.

கருமாதிக்குப் பிறகு ரத்தினம்மா வேலைக்குப் போனாள். தங்கச்சியின் நிரையில் இப்போது வேறொருத்தி. முட்டி வலித்தது. கங்காணி நீட்டினார், வாங்கிப் போட்டாள். ஆறு வாரம் போயிருக்கும். மலைச்சரிவில் நிற்கும்போது தேயிலைச் செடிகள் சுற்றத் தொடங்கின. டவுன் ஆஸ்பத்திரிக்கு இறங்கினாள்.

பிரஷர் நூற்றெண்பது என்றார்கள். சித்தி றலியா அவள் பேரையும் ஊரையும் புதுக் கொப்பியில் எழுதிவிட்டு ஏறிட்டுப் பார்த்தாள். "நீங்க பாலம்மாட அக்கா தானே?"

"ஆமா புள்ள. அவ போயிட்டா."

பெண்ணின் பேனா அப்படியே நின்றது. பிறகு, டாக்டரம்மா சொல்லிக் கொடுக்காத ஒரு கேள்வியை அவளாகவே கேட்டாள்.

"மருந்த விடுங்கம்மா. காலைல எழும்பினதுல இருந்து வாயில என்னென்ன போடுறீங்க? ஒண்ணொண்ணா சொல்லுங்க."

"வாயிலயா? பல்லு வெளக்கிட்டுச் சாயத் தண்ணி. அப்புறம் ரொட்டி. வெத்தல. பெரட்டுல வேலைக்குளிச. பத்து மணிக்கு..."

"நில்லுங்க. அது என்ன குளிச?"

ரத்தினம்மா முந்தானை முடிச்சை அவிழ்த்து, மண்ணிறத் தாளைப் பிரித்துக் காட்டினாள். பெண் அதை இரண்டு கையிலும் ஏந்தி டாக்டரம்மாவின் மேசைக்குக் கொண்டு போனாள். அங்கே சிங்களத்தில் வெகு நேரம் பேச்சு நடந்தது. டாக்டரம்மா நெற்றியைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்ததை ரத்தினம்மா கண்டாள்.

"அம்மா, நல்லா கேட்டுக்கோங்க," என்றாள் சித்தி றலியா. "இந்த ஒரேஞ்சு, வலிக்குளிச. வலிய எடுக்கும், பொய்யில்ல. ஆனா ஒடம்புல ஈக்கிற உப்பையும் தண்ணியையும் வெளிய போக உடாது. நரம்பையும் இறுக்கும். பிரஷர்க் குளிச ஒரு பக்கம் இழுத்தா இது மத்தப் பக்கம் இழுக்கும். வெள்ளைக் குளிச இன்னும் மோசம். நாள்பட்டா மொகம் ஊதும், பிரஷர் ஏறும், சீனியும் ஏறும்."

"மொகம் ஊதுமா?"

"ஓம். பாக்கிறவங்க கொழுத்துட்டாண்டு நெனப்பாங்க. மூக்கடைப்புக்குக் கடையில தார தடிமல் குளிச கூட சிலதுல பிரஷர ஏத்துமாம். அதனாலதான் எதப் போட்டாலும் இங்க சொல்லணும்."

ரத்தினம்மாவுக்குத் தங்கச்சி கண்ணாடியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தது ஞாபகம் வந்தது. ஆனாலும் அவள் கேட்க வேண்டியது வேறு.

"உப்பப் போக விடாதுன்னியே புள்ள. உப்பே போடாமத் தின்னாலுமா?"

"போடாட்டியும் ஒடம்புல ஈக்கிற உப்பப் புடிச்சு வச்சுக்கும்."

"அப்ப எஞ் சட்டியில தப்பில்லையா? டாக்டரம்மாகிட்ட கேட்டுச் சொல்லு. நான் ஆக்கின சோத்தால இல்லைன்னு அவங்க வாயால சொல்லச் சொல்லு."

கேள்வி சிங்களத்துக்குப் போய் பதில் தமிழுக்கு வந்தது. "இந்தக் குளிசையால மட்டும்தாண்டு நூத்துக்கு நூறு சொல்ல ஏலாதாம். ஆனா பிரஷர் கொறையாததுக்கு இது பெரிய காரணம். உங்கட சோத்தால இல்லெண்டு சொல்றாங்க."

ரத்தினம்மா உட்கார்ந்திருந்த வாங்குப் பலகையிலிருந்து எழுந்து சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அழவில்லை. முட்டிக்குப் பனடோல் போடலாம், வெந்நீர் ஒத்தடம் கொடுக்கலாம் என்றார்கள். வெள்ளைக் குளிசையைத் திடீரென்று விட்டால் மயக்கம் வரும், கிளினிக்கில் சொல்கிறபடி கொஞ்சம் கொஞ்சமாகத்தான் குறைக்க வேண்டும் என்றார்கள். எல்லாவற்றுக்கும் தலையாட்டினாள்.

பஸ்ஸில் ஏறி மலைக்குத் திரும்பும்போது அவள் மனம் கொதித்தாலும் ஒரு ஓரத்தில் இரக்கமும் இருந்தது. கங்காணி படித்தவரா என்ன? தெரியாமல் கொடுத்திருப்பார். விஷயத்தைச் சொன்னால் தலையில் அடித்துக்கொண்டு வந்து, லயத்தின் முன்னால் நின்று, ரத்தினம் மேல் பழியில்லை என்று சொல்லுவார். அது போதும் அவளுக்கு.

மறுநாள் பீலியடியில் அந்த இரக்கத்துக்குக் கொள்ளி வைத்தது கங்காணியின் சம்சாரம் அழகம்மாதான். வெள்ளை மனசுக்காரி. துணியை அலசிக்கொண்டே புலம்பினாள்.

"எங்க வீட்டு ஆளுக்கும் ராப்பகலா முட்டி வலிதான் ரத்தினக்கா. ஒத்தடம் குடுத்துக் குடுத்து எங் கை வெந்து போச்சு."

"ஏன், அவருகிட்டத்தான் மூட்டையா வேலைக்குளிச இருக்கே?"

"அய்யய்யோ, அவருக்கு அது ஆகாதுல்ல! மூனு வருசத்துக்கு முந்தியே கண்டியில டாக்டர் சொல்லிட்டாரு. பிரஷர் ஏறி ஒரு பக்கம் விழுந்துருமாம். தொடவே மாட்டாரு. கைப்பட்டாக்கூடக் கழுவிக்கிடுவாரு."

குடம் நிறைந்து வழிந்துகொண்டிருந்தது. ரத்தினம்மா அதை எடுக்கவில்லை.

மூன்று வருஷம். பாலம்மாவுக்குப் பிரஷர் என்று தெரிந்தது இரண்டு வருஷத்துக்கு முன்னால். அவள் கிளினிக்குக்குப் போன ஒவ்வொரு நாளும் லீவு கொடுத்தவர் இவர்தான். மறுநாள் காலையில் பக்கட்டை நீட்டியவரும் இவர்தான். அந்த நிமிஷத்திலிருந்து அவள் வாயில் 'அவரு' என்பது 'அவன்' ஆயிற்று.

அவன் கையால் கொடுத்ததை அவன் வயிற்றுக்குள்ளேயே அனுப்ப வேண்டும். முதலில் அவளுக்குத் தோன்றியது அதுதான். அந்த வாரம் பத்து மணித் தேத்தண்ணியை மலைக்குக் கொண்டு போகும் முறை அவளுடையது. வாங்கித் தின்னாமல் சேர்த்து வைத்த ஒரேஞ்சுக் குளிசைகளை மிளகு இடிக்கும் உரலில் போட்டுப் பொடித்தாள். தாளில் மடித்து இடுப்பில் செருகிக்கொண்டு மலையேறினாள். பாறைக்குப் பக்கத்தில் கேத்தலை இறக்கி, கங்காணியின் பீங்கானில் தேத்தண்ணி ஊற்றி, பொடியைக் கொட்டிக் கலக்கினாள். எட்டடி தூரத்தில் அவர் கையை நீட்டிக்கொண்டு நின்றார்.

"என்ன ரத்தினம், தேத்தண்ணிய ஆற வச்சுத்தான் தருவியா?"

அவள் பீங்கானைச் சரித்து முழுவதையும் தேயிலைத் தூரில் ஊற்றினாள். "ஈ விழுந்துருச்சு" என்றாள்.

மனமிரங்கி அல்ல. பாவ புண்ணியம் பார்த்தும் அல்ல. பீங்கானைத் தூக்கிய கணத்தில் அவளுக்கு ஒன்று விளங்கியது. இவன் இங்கே விழுந்தால், இவனையும் பத்துப் பேர் தூக்கிக்கொண்டு போவார்கள். கங்காணி கருவாட்டை விடவில்லை, அதுதான் இழுத்துவிட்டது என்று லயம் பேசும். பதினாறாம் நாள் சோறு தின்றுவிட்டு எழுந்து போய்விடும். பாலம்மா எப்படிச் செத்தாள் என்பது இவனோடு சேர்ந்து குழிக்குள் போய்விடும். இவன் சாகக் கூடாது. நல்ல உடம்போடு நின்று, எல்லோர் கண்ணுக்கும் முன்னால் அம்மணமாக வேண்டும்.

அவள் காத்திருந்தாள். ஐந்து நாள் மழை. ஆறாம் நாள் காலை ஆறரை மணிக்குப் பெரட்டுக்களத்தில் நாற்பது பெண்கள் கூடையோடு நின்றார்கள். மழையீரத்தில் கங்காணியின் முட்டி வீங்கி, விந்திக்கொண்டு வந்தார். பேர் கூப்பிட்டு முடித்து, பக்கட்டுகளை நீட்டத் தொடங்கினார். ரத்தினம்மாவின் முறை வந்தபோது அவள் வாங்கி, பிரித்து, உள்ளங்கையில் வைத்து அவர் முகத்துக்கு நேரே நீட்டினாள்.

"இன்னைக்கு எனக்கு வேணாம் கங்காணி. நீங்கதான் நொண்டுறீங்க. ஒன்னு போட்டுக்கங்க."

"ஏய், வெளையாடாத. மலைக்குப் போ."

"வெளையாடல. மேடு எறங்கும்போது பாத்தேன், கால இழுத்து இழுத்து வச்சீங்க. போடுங்க."

பின்னால் நின்ற சின்னமுத்து வாய்க்காரி. சும்மா இருப்பாளா? "போடுங்க கங்காணி! நாங்கல்லாம் போட்டுட்டு மான் மாதிரி ஓடுறோம். நீங்களும் ஓடுங்களேன், பாப்போம்!"

களத்தில் சிரிப்பு எழுந்தது. கங்காணியும் சிரித்துப் பார்த்தார். "நான் இன்னும் ஒன்னும் சாப்பிடலடி. வெறும் வயித்துல போடக் கூடாது."

"எங்களுக்கு மட்டும் வயித்துல என்ன விருந்தா கெடக்கு? ஞானேஸ்வரி, அந்த ரொட்டியக் குடு அவருக்கு."

இளம்பெண் ஞானேஸ்வரி துணிப் பொட்டலத்தைப் பிரித்து ரொட்டியை நீட்டினாள். இன்னொருத்தி போத்தல் தேத்தண்ணியை நீட்டினாள். எல்லோருக்கும் அது வேடிக்கையாகத்தான் இருந்தது. ரத்தினம்மா மட்டும் சிரிக்கவில்லை. அவள் கை நீட்டியபடியே இருந்தது.

"ரொட்டி இருக்கு. தேத்தண்ணி இருக்கு. போடுங்க."

"எனக்கு வேணாங்கிறேன்ல!"

"ஏன் வேணாம்?"

"எனக்கு ஒத்துக்காது."

"எங்களுக்கு ஒத்துக்கிறது ஒங்களுக்கு ஏன் ஒத்துக்காது?"

கங்காணிக்கு வேர்த்தது. கோபம் தலைக்கேறிவிட்டது. "அறிவிருக்காடி ஒனக்கு? பிரஷர்காரன் இதத் தின்னா..."

அந்த இடத்தில் அவர் நின்றார். நிற்பதற்குள் எல்லாம் வெளியே வந்துவிட்டது.

களத்தில் சிரிப்பு அறுந்தது. ஒரு கூடை கீழே விழுந்து உருண்டது. யாரும் அதை எடுக்கவில்லை.

"பிரஷர்காரன் தின்னா?" ரத்தினம்மாவின் குரல் உயரவில்லை. "சொல்லுங்க. தின்னா என்ன ஆகும்? எந் தங்கச்சி பிரஷர்காரின்னு ஒங்களுக்குத் தெரியாதா? அவளுக்கு லீவு எழுதினது யாரு? மூனு வருசமா ஒங்க கை தொடாததை அவ கையில வச்சது யாரு? சொல்லுங்க கங்காணி. ஆக்கிப் போட்ட கையா, பக்கட்டு நீட்டின கையா?"

அவர் அவள் நீட்டிய கையிலிருந்த பொட்டலத்தைத் தட்டிவிட்டார்; இரண்டு குளிசையும் சேற்றில் விழுந்தன. முதலில் ஞானேஸ்வரி தன் முடிச்சை அவிழ்த்தாள். பிறகு சின்னமுத்து. பிறகு ஒவ்வொருத்தியாக வந்து தாள் மடிப்பைக் கங்காணியின் காலடியில் போட்டுவிட்டுப் போனார்கள். அந்தக் குவியலுக்கு நடுவே அவர் நின்ற நிலையை ரத்தினம்மா ஆற அமரப் பார்த்தாள். கண்ணால் தின்பது போலப் பார்த்தாள்.

அன்று பதினெட்டுக் கிலோ எடுத்தவர்கள் ஏழு பேர்தான். அடுத்த நாள் நான்கு. துரை காரணம் கேட்டபோது நாற்பது வாயும் ஒன்றாகச் சொன்னது. ஒரு மாதத்துக்குள் வீரையாவைக் கொழுந்து மலையிலிருந்து எடுத்து ஸ்டோரில் சாக்கு எண்ணப் போட்டார்கள். ஆனால் குளிசையைத் திடீரென்று விடுவதில் இருந்த ஆபத்தை ரத்தினம்மா மறக்கவில்லை. நெடுநாள் வெள்ளைக் குளிசை தின்ற பதினொரு பேரை அவளே பஸ்ஸேற்றிக் கிளினிக்குக்குக் கூட்டிப் போனாள். சித்தி றலியா ஒவ்வொருத்தியிடமும் இப்போது அந்தப் புதுக் கேள்வியைத்தான் கேட்டாள். டாக்டரம்மா ஒவ்வொருத்திக்கும் குறைக்கும் அளவை எழுதிக் கொடுத்தார்.

பாலம்மாவின் வருஷத் திவசத்துக்கு ரத்தினம்மா சமைத்தாள். லயம் முழுவதும் வந்து உட்கார்ந்து தின்றது. குழம்பை நாய்க்கு ஊற்றியவள் இரண்டாம் முறை சோறு கேட்டாள். ரத்தினம்மா அவள் இலையில் அள்ளி வைத்தாள். ஆனால் முகத்தைப் பார்க்கவில்லை.

பழி தீர்ந்ததா என்று கேட்டால், ஊருக்குத் தீர்ந்தது. அவளுக்கு இல்லை. கங்காணி வேலை போனதற்காகவும் மானம் போனதற்காகவும் வருந்திய வீரையா, பாலம்மா என்ற பேரை ஒரு நாளும் வாயால் சொல்லவில்லை. திவசத்தன்று அழகம்மா அழுதுகொண்டே வந்தாள், அவர் வரவில்லை. ரத்தினம்மா ஐம்பத்தைந்தில் வேலையிலிருந்து நின்றாள். மகன் கொழும்புக்குக் கூப்பிட்டான், போகவில்லை. அந்த வீரையா இருக்கும் மட்டும் நான் இந்த லயத்தை விட்டு எங்கே போவேன் என்றாள். முறுக்கிய கயிறு போல் அந்த வன்மம்தான் அவளை நிமிர்த்தி வைத்திருந்தது.

மாதமொரு முறை கிளினிக்குக்கு வருவாள். நூற்று முப்பதுக்கு மேல் ஏறுவதில்லை. டாக்டரம்மா கெட்டிக்காரி என்று தட்டிக் கொடுப்பார். இரண்டாயிரத்துப் பதினாறில் ஒரு நாள் அவள் வந்தபோது, முன் வாங்கில் வீரையா இருந்தார். கண்டிக்குப் போக உடம்பு இடம் கொடுக்காமல், பிரஷருக்கு இங்கேயே பதிந்திருந்தார். அவருக்குச் சந்தைச் சிங்களம் தெரியும். டாக்டர் பேசும் சிங்களம் தெரியாது. சித்தி றலியா குனிந்து நின்று, இந்தக் குளிசை காலையில், இந்தக் குளிசை இரவில், இதில் பாதி, இது கூடவே கூடாது என்று இரண்டு தடவை சொல்லிக் கொடுத்ததையும், அவர் தலையை ஆட்டி ஆட்டிக் கேட்டுக்கொண்டதையும் ரத்தினம்மா பின் வாங்கிலிருந்து பார்த்துக்கொண்டேயிருந்தாள். தன் இலக்கம் வந்து போன பிறகும் அவள் எழுந்து போகவில்லை. வாங்குகள் காலியாகி, சித்தி றலியா கொப்பிகளை அடுக்கத் தொடங்கிய பிறகுதான் கிட்டே வந்தாள்.

"புள்ள, ரெண்டு வருசம் எந் தங்கச்சிகிட்ட வேற மருந்து எடுக்கிறியான்னு கேட்டது நீதான். இல்லன்னு சொன்னது நான். அதுக்காக ஒன்ன நான் ஒரு வார்த்த சொன்னதில்ல. இதுவர எதுவும் கேட்டதுமில்ல. இப்பக் கேக்குறேன். அடுத்த மாசம் அவன் வருவான். டாக்டரம்மா சொல்றத அவனுக்குத் தமிழ்ல சொல்லாத. அவன் சொல்றத அவங்களுக்குச் சிங்களத்துல சொல்லாத. எது கூடாதுன்னு தெரியாமத் தின்னது எந் தங்கச்சி மட்டுமா இருக்க வேணாம். ஒரே ஒரு தடவ, நீ வாயத் தொறக்காம இரு."